டிப்ரஷனுக்கு வேலூர்ல ஆர்டிஎம்எஸ் எடுத்தேன்: எப்படி இருந்துச்சு, யாருக்கு ஆகும், பணம் கட்டறதுக்கு முன்னாடி இன்னா கேக்கணும்

முதல்லயே சொல்லிடறேன், ஆர்டிஎம்எஸ்ன்னா தலைமேல காயில் வச்சு காந்தத் துடிப்பால மூளைய தூண்டற சிகிச்சை, எனக்கு இது உதவி பண்ணுச்சு. நூத்துக்கு நூறு சரியாயிட்டேன்னு சொல்லமாட்டேன், ஆனா காலையில எழுந்து பல்லு விளக்கறதுக்கே தெம்பில்லாம சுவத்த பாத்துகினு படுத்திருந்தவ இப்ப திரும்ப ராணிப்பேட்டைக்கு வேலைக்குப் போறேன், பொண்ணு கூட உக்காந்து பேசறேன், அதனால அஞ்சுக்கு நாலு ஸ்டார். அந்த ஒரு ஸ்டார் எங்க போச்சுன்னு கீழ சொல்றேன். கிளினிக் பேர போடல, காட்பாடி ரோடு பக்கம் மாடியில இருக்கற ஒரு தனியார் கிளினிக், அவ்ளோ போதும். தலையில மிஷின் வச்சு டிப்ரஷன சரி பண்றாங்களாமேன்னு ராத்திரியில போன்ல தேடிகினு இருக்கறவங்களுக்காக எழுதறேன், நான் அப்படி தேடினப்ப இத எடுத்த யாரும் நம்ம ஊர்லேர்ந்து தமிழ்ல எழுதினது ஒண்ணும் கண்ணுல படல, அதனால கொஞ்சம் நீளமாதான் இருக்கும்.

எனக்கு டிப்ரஷனும் பதட்டமும் சேர்ந்தே இருந்துச்சு. விடிகாலை மூணு மணிக்கு முழிப்பு வந்துடும், அப்புறம் தூக்கம் கிடையாது, நெஞ்சு படபடன்னு அடிக்கும், பஸ்ல கூட்டம் ஏறினா இறங்கி ஓடிடலாமான்னு இருக்கும். எஸ்சிடாலோப்ராம்னு டிப்ரஷன் மாத்திரை போட்டாங்க, டோஸ் ஏத்தினாங்க, கொஞ்சம் தேவலை ஆச்சு அப்புறம் அப்படியே நின்னுடுச்சு. மாத்தி வேற ஒண்ணு குடுத்தாங்க, அதுலயும் வேர்வையும் வாய் வறட்சியும்தான் மிச்சம். அப்பதான் டாக்டரம்மா சொன்னாங்க, ரெண்டு மாத்திரை ஒழுங்கா முழு டோஸ்ல எடுத்தும் கேக்கலன்னா மூணாவது மாத்திரையில முழுசா சரியாகற வாய்ப்பு குறைஞ்சுகினே போகும், அமெரிக்காவுல ஸ்டார்-டின்னு ஒரு பெரிய ஆய்வு, 2006ல முடிவு வந்துச்சு, அதுல மூணாவது கட்டத்துல முழுசா தேறினவங்க நூத்துக்கு பதினாலு பேர் கிட்டதான்னு. அதனால மாத்திரையையும் விடாம கூடவே ஆர்டிஎம்எஸ் பாக்கலாம்னாங்க.

வீட்ல சொன்னதும் அத்தை அழுதுட்டாங்க. "தலையில கரண்டு வெக்கப் போறாங்களா, அவ இன்னா பைத்தியமா"ன்னு. அவங்க பயம் பழைய சினிமால பாத்த பயம், கை கால கட்டிப்போட்டு வாயில துணிய திணிச்சு ஷாக் குடுக்கற காட்சி. இது அது இல்லன்னு புரிய வைக்க எங்க வீட்டுக்காரருக்கு ரெண்டு மூணு நாள் ஆச்சு. ஆனா இதுல ஒரு விஷயம் சொல்லியே ஆகணும், அந்த ஷாக் சிகிச்சைய, டாக்டருங்க ஈசிடின்னு சொல்றாங்களே, அதையே நாம ரொம்ப தப்பா நினைச்சுகினு இருக்கோம். 1938ல இத்தாலியில செர்லெட்டி, பினின்னு ரெண்டு டாக்டருங்க ஆரம்பிச்சது அது, அப்ப மயக்க மருந்து இல்லாமதான் குடுத்தாங்க, கொடுமைதான். இன்னிக்கி நம்ம நாட்டுல 2017ம் வருஷத்து மனநல சட்டப்படி மயக்க மருந்தும் தசைய தளர்த்தற மருந்தும் இல்லாம ஈசிடி குடுக்கவே கூடாது, தடை. சாப்பாடு தண்ணியே இறங்காம உயிருக்கு ஆபத்தான நிலைமையில இருக்கறவங்களுக்கு, ரொம்ப தீவிரமான டிப்ரஷனுக்கு, இன்னிக்கும் அது வேகமா நல்லா வேலை செய்யுதுன்னு டாக்டருங்க சொல்றாங்க. ஞாபக மறதி வரும், அது உண்மை, பெரும்பாலும் கொஞ்ச நாள்ல தேறிடும், சிலருக்கு பழைய ஞாபகம் கொஞ்சம் போயிடறதும் உண்டு. எனக்கு அந்தளவு தேவைப்படல. ஆனா உங்க வீட்ல யாருக்காவது டாக்டர் ஈசிடின்னு சொன்னா பயந்து ஓடிடாதீங்க, உக்காந்து கேள்வி கேளுங்க.

சரி, ஆர்டிஎம்எஸ் எப்படி வேலை செய்யுதுன்னா, பள்ளிக்கூடத்துல ஃபாரடே படிச்சிருப்பீங்க, கம்பிச்சுருள் பக்கத்துல காந்தப்புலம் மாறினா கரண்டு உண்டாகும்னு. அதேதான். எட்டு வடிவத்துல ஒரு காயில், அத தலைமேல வச்சு வேகவேகமா காந்தத் துடிப்பு அனுப்பறாங்க, மண்டையோட்ட தாண்டி உள்ள போயி அங்க மூளையில சின்னதா மின்சாரத்த உண்டாக்குது. வெளியேர்ந்து கரண்டு தலைக்குள்ள பாயறது இல்ல. காந்தத்தோட சக்தி எம்ஆர்ஐ மிஷின் அளவுக்கு வரும், ஆனா ஒரு சின்ன இடத்துல, ஒரு கண நேரத்துக்குத்தான். 1985ல இங்கிலாந்துல ஷெஃபீல்டுல அந்தோனி பார்க்கர்னு ஒருத்தரும் அவர் குழுவும் இத முதல்ல செஞ்சு காட்டினாங்க, டிப்ரஷனுக்குன்னு அமெரிக்க அரசு அனுமதி 2008ல குடுத்துச்சு. நெத்திக்கு மேல இடது பக்கம் முன் மூளையில ஒரு பகுதி இருக்கு, டிப்ரஷன் இருக்கறவங்களுக்கு அது மந்தமா இருக்கும்னு சொல்றாங்க, அங்கதான் தட்டி எழுப்பறது.

முதல் நாள் சிகிச்சைய விட கேள்விதான் அதிகம். வலிப்பு வந்திருக்கா, குடும்பத்துல யாருக்காவது இருக்கா, தலையில எங்கயாவது உலோகம் இருக்கா, காதுக்குள்ள காக்ளியர் மிஷின், மூளை ரத்தக்குழாய்ல கிளிப்பு, பேஸ்மேக்கர், கர்ப்பமா, ராத்திரி தூங்கினீங்களான்னு ஒண்ணொண்ணா கேட்டு எழுதினாங்க. இந்தக் கேள்விங்கள கேக்காம எந்த இடத்துலயாவது நேரா நாற்காலியில உக்கார வச்சா எழுந்து வந்துடுங்க, நான் ரொம்ப சீரியஸா சொல்றேன். வலிப்பு வர்ற வாய்ப்பு ஆயிரத்துல ஒருத்தருக்கும் குறைவுதான், ஆனா அந்த ஒருத்தர் யாருன்னு கண்டுபிடிக்கத்தான் இவ்ளோ கேள்வியும். அப்புறம் தோடு, மூக்குத்தி, ஹேர்பின் எல்லாம் கழட்டிட்டு, காயில தலையில கொஞ்சம் கொஞ்சமா நகர்த்தி ஒரு ஒரு தட்டா தட்டினாங்க, திடீர்னு என் வலது கை கட்டைவிரல் தானா துடிச்சுது! நான் ஆட்டவே இல்ல. அந்த விரல் துடிக்க எவ்ளோ சக்தி வேணுமோ அத அளவா வச்சுகினுதான் அவங்கவங்களுக்கு எவ்ளோ குடுக்கறதுன்னு முடிவு பண்றாங்க, ஆளுக்கு ஆள் மாறும். எங்க வீட்டுக்காரர் பக்கத்துல நின்னு அந்த விரல பாத்தாரு, அதுக்கப்புறம்தான் அவருக்கே இதுமேல முழு நம்பிக்கை வந்துச்சு.

உக்காந்திருக்கறப்ப எப்படி இருக்கும்னா, சத்தம்தான் முதல்ல. கேஸ் அடுப்பு லைட்டர விடாம அழுத்தினா வருமே டக்கு டக்குன்னு, அது காதுகிட்டயே கேக்கும், அதனால காதுல பஞ்சடைப்பான் கட்டாயம் வைக்கணும், அவங்களே குடுப்பாங்க, குடுக்கலன்னா கேட்டு வாங்குங்க. நாலு செகண்டு தட்டும், அப்புறம் இருபத்தாறு செகண்டு நிக்கும், திரும்ப நாலு செகண்டு. பழைய முறையில இப்படி 3000 துடிப்பு, முப்பத்தேழு நிமிஷம் ஆகும். இப்ப தீட்டா பர்ஸ்ட்டுன்னு ஒரு முறை இருக்கு, 600 துடிப்பு, மூணு நிமிஷத்துல முடிஞ்சுடும். கனடாவுல 414 பேர வச்சு 2018ல பாத்ததுல மூணு நிமிஷமும் முப்பத்தேழு நிமிஷமும் பலன்ல ஒண்ணுக்கொண்ணு குறைவில்லன்னு வந்துச்சு. எனக்கு நீளமானது சில வாரம், அப்புறம் குட்டை முறைக்கு மாத்தினாங்க. கண்டிப்பா அந்த கிளினிக்ல கேளுங்க, உங்க மிஷின்ல குட்டை முறை இருக்கான்னு, ஏன்னா வெளியூர்லேர்ந்து வர்றவங்களுக்கு அந்த அரை மணி நேரம் பெரிய விஷயம்.

வலி இருக்கு. இல்லவே இல்லன்னு சொல்றவங்கள நம்பாதீங்க. முதல் வாரம் புருவத்துக்கு மேல சுருக் சுருக்குன்னு குத்துச்சு, கண் இமை துடிச்சுது, பல்லு லேசா கிட்டிச்சுது, சாயங்காலம் தலைவலி, ஒரு பாராசிட்டமால் போட்டா போயிடும். டெக்னீஷியன் தம்பிகிட்ட சொன்னேன், "அக்கா, கொஞ்சம் குறைச்சு ஆரம்பிச்சு நாளுக்கு நாள் ஏத்தறேன், தாங்க முடியலன்னா கைய தூக்குங்க, நிறுத்திடறேன்"னாரு, சொன்ன மாதிரியே செஞ்சாரு. ரெண்டாவது வாரத்துலேர்ந்து அந்த இடம் பழகிடுச்சு. மயக்கம் கிடையாது, முடிஞ்சதும் எழுந்து நடந்து கீழ டீக்கடைக்குப் போகலாம். ஞாபக மறதியெல்லாம் ஒண்ணும் வரல.

இப்ப அந்த போன ஸ்டாருக்கு வர்றேன். இந்த சிகிச்சையில கஷ்டமே மிஷின் இல்ல, தினமும் போகணும், அதான். வாரத்துக்கு அஞ்சு நாள், நாலுலேர்ந்து ஆறு வாரம். வாலாஜாலேர்ந்து முத்துக்கடை, ஆற்காடு, ரத்தினகிரின்னு நின்னு நின்னு வேலூர் வந்து, அங்கேர்ந்து இன்னொரு பஸ், கிரீன் சர்க்கிள்ல டிராஃபிக்கு, அதுவும் மே மாச வெயில். பஸ்ஸே பயமா இருக்கற ஆளுக்கு பஸ்ல தினமும் போய் வாங்க வேண்டிய மருந்து இது! டிப்ரஷன் இருக்கறவங்களுக்கு தனியா தினமும் கிளம்பற சக்தி இருக்காது, யாராவது ஒருத்தர் கூட வரணும், அந்த ஒருத்தரோட வேலையும் போகும். எங்க வீட்டுக்காரர் லீவு முடிஞ்சதும் என் தம்பி வந்தான், தம்பிக்கு முடியாத நாள்ல சித்தி வந்தாங்க. அவங்க மூணு பேர் இல்லன்னா நான் பாதியில விட்டிருப்பேன். பேர்ணாம்பட்டு, குடியாத்தம் பக்கத்துலேர்ந்து வர்றவங்கள அங்க பாத்தேன், ஒரு அம்மா சத்துவாச்சாரியில சொந்தக்காரங்க வீட்ல தங்கி எடுத்துகினு இருந்தாங்க, முடிஞ்சா அப்படி பண்றது நல்லது.

அடுத்து பணம். ஒரு சிட்டிங் ஆயிரத்துக்கு மேல, முழு கோர்ஸும் சேர்த்தா எங்க மாதிரி சம்பளக்காரங்களுக்கு நகைய அடகு வைக்கற கணக்கு. அந்த கிளினிக்ல மொத்தமா பேக்கேஜா முன்னாடியே கட்டினா கொஞ்சம் குறைக்கறேன்னாங்க. நான் கட்டல, வாரா வாரம் கட்டினேன், அப்படியே நீங்களும் பண்ணுங்க, ஏன்னா சிலருக்கு பாதி தாண்டியும் ஒரு மாத்தமும் தெரியாது, அப்ப டாக்டர்கிட்ட உக்காந்து பேசி முடிவெடுக்கற சுதந்திரம் உங்க கையில இருக்கணும். அந்த கிளினிக்ல எனக்குப் பிடிக்காதது இன்னும் ரெண்டு. லிஃப்ட் இல்ல, அது ஒண்ணு. ரிசப்ஷன்ல எல்லார் காதுலயும் விழற மாதிரி பேரையும் நோயையும் சொல்லி கூப்பிடறாங்க, இது ரொம்ப தப்பு, நான் டாக்டரம்மாகிட்ட நேராவே சொன்னேன், அடுத்த நாள்லேர்ந்து டோக்கன் நம்பர் சொல்லி கூப்பிட ஆரம்பிச்சாங்க, அதுக்கு அவங்களுக்கு நன்றி.

பலன் எப்ப தெரிஞ்சுது? முதல்ல தெரியவே இல்ல. பத்து நாள் வாக்குல எங்க அம்மா போன்ல கேட்டப்ப "ஒண்ணும் ஆகல, காசுதான் போவுது"ன்னேன். அப்புறம் பாதி தாண்டினப்பறம் ஒரு நாள் விடியற வரைக்கும் தூங்கிட்டேன். மனசு சந்தோஷமா ஆச்சுன்னு இல்ல, தூக்கம்தான் முதல்ல வந்துச்சு. அடுத்து பசி, ஆற்காட்டுல பஸ் நின்னப்ப மக்கன் பேடா வாங்கலாமான்னு நானா கேட்டேன், தம்பி என் முகத்தையே பாத்தான், எத்தனையோ மாசமா நான் எதையும் வேணும்னு கேட்டதே இல்லயாம். மனசு அதுக்கப்புறம்தான் மெதுவா லேசாச்சு. ஒவ்வொரு வாரமும் ஒரு கேள்வித்தாள் குடுத்து மார்க் போடுவாங்க, அதுல குறைஞ்சுகினே வந்தது தெரிஞ்சுது. டாக்டரம்மா முதல்லயே சொல்லியிருந்தாங்க, மாத்திரைக்கு மசியாதவங்கள்ல ஏறக்குறைய பாதிப்பேருக்கு நல்ல முன்னேற்றம் வரும், மூணுல ஒருத்தருக்குத்தான் முழுசா போகும்னு. அந்த நேர்மைதான் எனக்கு அங்க ரொம்ப பிடிச்சது. நூறு சதவீதம் கேரண்டின்னு யாராவது சொன்னா அங்க போகாதீங்க.

பதட்டம் மட்டும் அவ்ளோ சீக்கிரம் போகல. இத தெளிவா சொல்லணும், ஏன்னா ஆன்க்ஸைட்டிக்குன்னு நினைச்சு நிறைய பேர் வர்றாங்க. டிப்ரஷன் கூட சேர்ந்து வர்ற பதட்டம் குறையுதுன்னு ஆதாரம் இருக்கு, ஒரு வகை மிஷினுக்கு அமெரிக்காவுல 2021ல அதுக்கும் அனுமதி கிடைச்சுது. டிப்ரஷன் இல்லாம வெறும் பதட்ட நோய்க்கு ஆதாரம் இன்னும் கம்மிதான், சில இடத்துல வலது பக்கம் மெதுவா தட்டற முறையில குடுக்கறாங்க. எனக்கு படபடப்பு பாதி குறைஞ்சுது, மீதிய குறைச்சது கவுன்சலிங்தான், பஸ்ல ஒரு ஸ்டாப்பு, அப்புறம் ரெண்டு ஸ்டாப்புன்னு பழக்கப்படுத்தினாங்க. தினமும் அந்த கிளினிக்குக்கே பஸ்ல போனதும் அதுக்கு உதவி பண்ணுச்சுன்னு நான் நம்பறேன்.

அதே கிளினிக்ல விலை குறைவா இன்னொண்ணும் இருக்கு, டிடிசிஎஸ். உப்புத்தண்ணியில நனைச்ச பஞ்சு ரெண்ட நெத்தியில வச்சு ஒண்ணு ரெண்டு மில்லி ஆம்பியர் கரண்ட அரை மணி நேரம் விடறது, லேசா அரிக்கும், அவ்ளோதான். இதப்பத்தி ஆய்வு முடிவுங்க இழுபறியா இருக்கு. பிரேசில்ல 2017ல வந்த ஆய்வுல டம்மி சிகிச்சைய விட, அதாவது குடுக்கற மாதிரி காட்டி நிஜமா குடுக்காததைவிட, நல்லா இருந்துச்சு ஆனா எஸ்சிடாலோப்ராம் மாத்திரைக்கு ஈடுன்னு நிரூபிக்க முடியல. ஜெர்மனியில 2023ல மாத்திரை கூட சேர்த்து குடுத்துப் பாத்தாங்க, டம்மிக்கும் அதுக்கும் வித்தியாசமே இல்ல. 2024ல வீட்லயே ஹெட்செட்டு போட்டு பத்து வாரம் பண்ணின ஆய்வுல நல்ல பலன்னு வந்துச்சு. ரெண்டு மாத்திரையும் கேக்காதவங்க இத மட்டும் நம்பி இருக்கறதுல எனக்கு உடன்பாடு இல்ல, மாத்திரையே ஆரம்பிக்காத லேசான நிலைமையில இருக்கறவங்க டாக்டர்கிட்ட பேசி யோசிக்கலாம்.

ஆன்லைன்ல காதுல கிளிப்பு மாட்டற மிஷின் விக்கறாங்க, கவலை போகும், தூக்கம் வரும், டிப்ரஷன் போகும்னு. அத வாங்காதீங்கன்னு கையெடுத்து கும்பிட்டு கேட்டுக்கறேன். அமெரிக்காவுல 2019 கடைசியில அந்த வகை மிஷினுக்கு பதட்டத்துக்கும் தூக்கமின்மைக்கும் விதிய கொஞ்சம் தளர்த்தினாங்க, டிப்ரஷனுக்கு மட்டும் தளர்த்தல, கடுமையான சோதனை முடிச்சுட்டு வாங்கன்னுட்டாங்க, ஏன்னா டிப்ரஷனுக்கு ஆதாரம் போதல. அதைவிட மோசம் யூடியூப் பாத்து ஒம்போது வோல்ட் பேட்டரி, ஒயர் வச்சு வீட்லயே செய்யறது. தோல் பொசுங்கும், எங்க வைக்கறோம் எவ்ளோ விடறோம்னு ஒண்ணும் தெரியாது. காலேஜ் பசங்க இத செய்யறாங்கன்னு அந்த டெக்னீஷியன் தம்பி சொன்னப்ப எனக்கு வயிறே கலங்கிடுச்சு. தம்பிங்களா, மூளை ஒண்ணுதான் இருக்கு.

காசு இல்லாதவங்க நேரா தனியார்ல ஆரம்பிக்கவே வேணாம். அடுக்கம்பாறை அரசு மருத்துவக் கல்லூரியில மனநல ஓபி இருக்கு, மாத்திரை இலவசம், முதல் ரெண்டு மாத்திரை எந்த ஊர்ல எடுத்தாலும் அதே மாத்திரைதான். பாகாயத்துல சிஎம்சியோட மனநல மையம் 1950கள்லேர்ந்து இருக்கு, நோயாளி கூட குடும்பத்தையும் தங்க வச்சு பாக்கற முறைக்கு பேர் போன இடம், இந்தியா முழுக்கலேர்ந்து ஆளுங்க வர்றாங்க, நம்ம பக்கத்துலயே இருந்துகினு நாம பாகாயம் பஸ் ஏற வெக்கப்படறோம். எதிர்வீட்டுக்காரங்க இன்னா நினைப்பாங்கன்னு ஒரு வருஷம் தள்ளிப்போட்ட ஒரு பையன வெயிட்டிங் ஹால்ல பாத்தேன், வாணியம்பாடி பையன், தோல் கம்பெனியில வேலை, அந்த ஒரு வருஷத்துல வேலையும் போயி கல்யாணமும் நின்னு போயிருந்துச்சு. அவன் முகம் இன்னும் கண்ணுக்குள்ள நிக்குது.

இன்னொண்ணு, வாழவே வேணாம்ங்கற நினைப்பு வந்துகினு இருந்தா ஆர்டிஎம்எஸ் அப்பாயின்ட்மென்ட்டுக்காக காத்திருக்காதீங்க, இது வாரக்கணக்குல வேலை செய்யறது, உடனே காப்பாத்தாது. 14416க்கு போன் பண்ணுங்க, டெலி மானஸ், அரசாங்கத்தோடது, ராத்திரி பகல் எப்பவும் எடுப்பாங்க, தமிழ்ல பேசலாம், காசு கிடையாது. கூட இருக்கறவங்க அவங்கள தனியா விடாம நேரா ஆஸ்பத்திரிக்கு கூட்டிகினு போங்க.

இப்ப என் நிலைமை: டாக்டரம்மா குடுத்த மாத்திரைய இன்னும் சாப்பிடறேன், நானா நிறுத்தமாட்டேன். நடுவுல மழைக்காலத்துல ஒரு தடவை திரும்ப இறங்கற மாதிரி இருந்துச்சு, தூக்கம் கெட ஆரம்பிச்சதுமே போனேன், சில சிட்டிங் மட்டும் திரும்ப குடுத்தாங்க, நின்னுடுச்சு. இப்படி திரும்ப வர்றது இந்த நோய்ல சகஜம்தான், முதல் தடவை பலன் கிடைச்சவங்களுக்கு திரும்ப குடுத்தாலும் பெரும்பாலும் கேக்குதாம், அதனால கோர்ஸுக்கு காசு ஒதுக்கறப்ப இதுக்கும் கொஞ்சம் தனியா எடுத்து வைங்க. போறவங்க காலையில முதல் சிலாட்டு கேட்டு வாங்குங்க, கூட்டம் இருக்காது, வெயிலுக்கு முன்னாடி வீடு வந்து சேரலாம், தலைக்கு எண்ணெய் வைக்காம போங்க, தோடு மூக்குத்திய வீட்லயே கழட்டி வச்சுட்டு போங்க. ஏதாவது கேக்கணும்னா கீழ கேளுங்க, எனக்குத் தெரிஞ்ச வரைக்கும் பதில் போடறேன்.